தேவகோட்டை மனு டைப்பிங் கடை: எம்.எல்.ஏவுக்கு பேப்பர் குடுக்க போறவங்க படிச்சிட்டு போங்க

தேவகோட்டைல சார் ஆட்சியர் ஆபீஸ், தாலுகா ஆபீஸ், கோர்ட்டுன்னு ஜனங்க கையில பேப்பரோட அலையுற ஏரியால மனு டைப் பண்ற கடைங்க நாலஞ்சு இருக்கு. நான் சொல்றது ஒரு பழைய வீட்டோட திண்ணைய மறிச்சு போட்டிருக்கற கடை. கடைக்கு தனியா பேரு கிடையாது, போர்டுல ஜெராக்ஸ், டைப்பிங், மனு எழுதித் தரப்படும்னு மட்டும்தான் இருக்கும். ஒரு பக்கத்துக்கு 60 ரூபா, ரெண்டு பக்கம்னா 100. நெட் சென்டர்ல இதுல பாதி காசுக்கு முடிஞ்சிரும்னு நிறைய பேரு அங்க போயிடறாங்க. ஆனா எம்.எல்.ஏவுக்கோ கலெக்டருக்கோ ஊர் காரியமா பேப்பர் குடுக்கறதா இருந்தா அந்த காசு வித்தியாசத்த பாக்காம இங்கதான் போகணும்னு நான் சொல்வேன், ஏன்னு விவரமாவே எழுதுறேன்.

கடைய நடத்துறவருக்கு எழுவத தாண்டியிருக்கும், ஊர்ல எல்லாரும் டைப் ஐயான்னுதான் கூப்புடுறாங்க. இப்ப கம்ப்யூட்டர்ல அடிக்கறது அவரு பேத்தி, அந்த தங்கச்சி தமிழ் டைப்பிங் ஹையர் முடிச்ச புள்ள, வேகமும் இருக்கு, ஒத்துப்பிழை சந்திப்பிழைன்னு ஒன்னு விடாம பாக்குது. ஐயா பக்கத்துல ஸ்டூல்ல உக்காந்து வாயால சொல்லுவாரு. அவரோட பழைய தமிழ் டைப்ரைட்டர் மூலைல துணி போட்டு மூடி இருக்கு, அத தூக்கி போட மனசு வரல போல.

போன உடனே அடிச்சு குடுத்துருவாங்கன்னு நினைக்காதீங்க. மொதல்ல கேள்விதான். எங்க ஊர் பிரச்சனை என்னன்னா, ஊரணிக்கு தண்ணி வர்ற வரத்துக்கால் ரோட்டுக்கு கிழக்க மண்ணு மூடி, கருவேல முள்ளு மண்டி, பாதி தூரம் இருந்த இடமே தெரியாம போச்சு, மழை பெஞ்சா தண்ணி ரோட்டோரமாவே ஓடி வேற பள்ளத்துல இறங்கிருது. நம்ம செட்டிநாட்டு ஊருங்கள்ல ஆத்து தண்ணி கிடையாது, கண்மாயும் ஊரணியும்தான் எல்லாம், ஊரணி காஞ்சா கிணறு காஞ்சிரும், போர்ல உப்பு ஏறிரும். இத போய் சொன்னா, ஐயா கேட்டது: "ஊரணி எந்த சர்வே நம்பர் தம்பி? அ-பதிவேட்டுல ஊரணின்னு இருக்கா, புறம்போக்குன்னு மட்டும் இருக்கா? வரத்துக்கால் எந்த கண்மாய் கலுங்குல இருந்து வருது? அந்த கண்மாய்க்கு ஆயக்கட்டு எவ்வளவு?"

அ-பதிவேடுங்கறது எந்த சர்வே நம்பர் என்ன வகை நிலம்னு இருக்கற வருவாய்த்துறை பதிவேடு, கலுங்குங்கறது கண்மாய் நிறைஞ்சா தண்ணி வழியுற இடம், ஆயக்கட்டுன்னா அந்த கண்மாய் தண்ணி பாயுற நிலத்தோட அளவு. ஆயக்கட்டு எதுக்குன்னு கேட்டேன். 40 ஹெக்டேருக்கு மேல, அதாவது நம்ம கணக்குல 100 ஏக்கருக்கு மேல பாயுற கண்மாய்னா நீர்வளத்துறை, அதுக்கு கீழன்னா ஊராட்சி ஒன்றியம். ஊரணி ஒன்றியத்துல வரும். நடுவுல குறுக்க போற ரோடு நெடுஞ்சாலைத்துறைதா இருந்தா பாலம் அவங்க பொறுப்பு. ஆக ஒரே வாய்க்காலுக்கு மூணு ஆபீஸ். இது தெரியாம "வரத்துக்காலை சரிசெய்து தரவும்"னு ஒரு பேப்பர் குடுத்தா ஒருத்தர் இன்னொருத்தர கை காட்டுவாரு, அவரு மூணாவது ஆள கை காட்டுவாரு. எங்க ஊர்ல இருந்து முன்னாடி குடுத்த மனு ஒரு ஆபீஸ்ல இப்படித்தான் சுத்தி சுத்தி கடைசில எங்க இருக்குன்னே யாருக்கும் தெரியாம போச்சு. ஐயா அதையே மூணு மனுவா பிரிச்சாரு, ஒவ்வொன்னுலயும் அந்தந்த துறைக்கு உரிய வேலை மட்டும், மேல சர்வே நம்பர், கூட புலப்பட நகல் (நிலத்த அளந்து போட்ட வரைபடம்), அ-பதிவேடு நகல், செல்போன்ல எடுத்த போட்டோ கலர் பிரிண்ட். கடைசியா இந்த மூணையும் சேத்து எம்.எல்.ஏவுக்கு ஒரு பக்கத்துல தனி கடுதாசி. அந்த ஒரு பக்கம்தான் இந்த கடையோட உண்மையான சரக்குன்னு நான் சொல்வேன்.

ஏன்னா எம்.எல்.ஏன்னா என்ன செய்ய முடியும், என்ன செய்ய முடியாதுன்னு நம்மள்ல பாதி பேருக்கு தெரியாது. ஐயா சொன்னது எனக்கு அப்படியே ஞாபகம் இருக்கு: "எம்.எல்.ஏ ஆர்டர் போட முடியாது தம்பி. அவரு கேக்கத்தான் முடியும். என்ன கேக்கணும்னு நாமதான் எழுதிக் குடுக்கணும்." சட்டசபைல கேள்வி நேரத்துல கேக்கலாம், கவன ஈர்ப்பு குடுக்கலாம், மானியக் கோரிக்கைல, அதாவது துறைக்கு பணம் ஒதுக்கற விவாதத்துல, பேசலாம், மந்திரிக்கும் கலெக்டருக்கும் லெட்டர் போடலாம். கையில நேரடியா இருக்கறதுன்னா தொகுதி மேம்பாட்டு நிதி, வருஷத்துக்கு 3 கோடி, அதுவும் அவரு பரிந்துரைதான் பண்ணுவாரு, கலெக்டர்தான் நிர்வாக அனுமதி குடுக்கணும், வேலைய ஒன்றியமோ நகராட்சியோதான் செய்யும். பள்ளிக்கூட கட்டடம், நிழற்குடை, தண்ணி தொட்டி, ரோடு, இதுக்கெல்லாம் கேக்கலாம். கோயில் கோபுரத்துக்கு பெயிண்ட் அடிக்க கேக்க முடியாது. நம்ம ஊருக்காரங்க கோயில் காரியத்துக்குன்னு எம்.எல்.ஏ நிதி கேட்டு மனு எழுத வந்தா ஐயா காசு வாங்காம திருப்பி அனுப்புறத நானே பாத்தேன், அதுக்கு அறநிலையத்துறைக்கு எழுதுங்கன்னு வழியும் சொல்லித்தான் அனுப்புனாரு.

இப்ப நான் ரொம்ப நாளா எழுதணும்னு நினைச்ச விஷயத்துக்கு வர்றேன். ஐயாகிட்ட ஒரு நீளமான கோடு போட்ட நோட்டு இருக்கு. அதுல இந்த வட்டாரத்து தொகுதிங்கள்ல எந்த வருஷம் யாரு எம்.எல்.ஏ, எந்த கட்சி, எல்லாம் வரிசையா எழுதி வச்சிருக்காரு. சும்மா பொழுதுபோக்குக்கு இல்ல, பழைய மனுவ தொடர்ந்து எழுதும்போது எந்த காலத்துல யாருகிட்ட குடுத்ததுன்னு குறிப்பிட வேண்டி வரும்னுதான். அத பாத்தப்பதான் எனக்கு ஒன்னு உறைச்சது. காரைக்குடி தொகுதில 1952-ல இருந்து 2021 வரைக்கும் நடந்த பொதுத்தேர்தல் எதுலயும் ஒரே ஆளு அடுத்தடுத்து ரெண்டு தடவை ஜெயிச்சதே இல்ல! நான் வீட்டுக்கு வந்து தேர்தல் கமிஷன் வெளியிட்ட முடிவுகளோடயும் ஒத்து பாத்துட்டேன். சி.த. சிதம்பரம் 1971-லயும் 1980-லயும் ஜெயிச்சிருக்காரு, நடுவுல 1977 போச்சு. என். சுந்தரம் 1996-ல தமாகாவுல (தமிழ் மாநில காங்கிரஸ்), 2006-ல காங்கிரஸ்ல, நடுவுல 2001 பிஜேபி எச். ராஜாவுக்கு போச்சு. 2011 அதிமுக பழனிச்சாமி, 2016 காங்கிரஸ் கே.ஆர். ராமசாமி, 2021 காங்கிரஸ் மாங்குடி. 1962-ல யாருன்னு பாத்தா நம்ம கம்பன் அடிப்பொடி சா. கணேசன், சுதந்திரா கட்சி. கம்பன் கழகம், கம்பன் விழா, தமிழ்த்தாய் கோயில்னு அவர தெரியாதவங்க காரைக்குடில கிடையாது, ஆனா அவரு நம்ம தொகுதி எம்.எல்.ஏவா இருந்தவருன்னு எத்தன பேருக்கு தெரியும்னு தெரியல. அவருக்கும் ஒரு தடவைதான்.

பக்கத்துலயே திருவாடானைய பாருங்க. அங்க கே.ஆர். ராமசாமி 1989, 1991, 1996, 2001, 2006-ன்னு வரிசையா அஞ்சு தடவை. 1991-ல ஜனவரி கடைசில சட்டசபைய கலைச்சு மறுதேர்தல் வந்த அந்த சில மாசத்த விட்டா 2011 வரைக்கும் ஒரே ஆளு. அவரு அப்பா கரியமாணிக்கம் அம்பலமும் அதே தொகுதில எம்.எல்.ஏவா இருந்தவரு, 2021-ல ராமசாமி பையன் கருமாணிக்கம் அங்கயே ஜெயிச்சாரு. ராமசாமிக்கு சின்னம் கூட கை, அப்புறம் மூப்பனார் தமாகா ஆரம்பிச்சதும் சைக்கிள், 2002-ல கட்சி இணைஞ்சதுக்கு அப்புறம் திரும்ப கைன்னு மாறுச்சு, ஓட்டு மாறல. தொகுதி மறுவரையறைக்கு அப்புறம் 2009 எம்.பி தேர்தல்ல இருந்து திருவாடானை ராமநாதபுரம் எம்.பி தொகுதி பக்கம் போயிருச்சு, தேவகோட்டை காரைக்குடி தொகுதில இருக்கு. 2016-ல அதே ராமசாமி காரைக்குடில நின்னு ஜெயிச்சு, 8 பேரு இருந்த காங்கிரஸ் சட்டமன்ற கட்சிக்கு தலைவரா 2021 வரைக்கும் இருந்தாரு. இன்னொரு பக்கம் நம்ம சிவகங்கை மாவட்டத்து திருப்பத்தூர்ல பெரியகருப்பன் 2006-ல ஆரம்பிச்சு 2021 வரைக்கும் நாலு தடவை தொடர்ச்சியா ஜெயிச்சாரு. கலைஞர் 13 தடவை ஜெயிச்சாரு, தோக்கவே இல்ல, அது பெரிய விஷயம்தான், ஆனா அது குளித்தலைல ஆரம்பிச்சு தஞ்சாவூர், சைதாப்பேட்டை, அண்ணா நகர், துறைமுகம், சேப்பாக்கம், திருவாரூர்னு ஊர் மாறி மாறி. ஒரே மண்ணுல அஞ்சு தடவைங்கறது வேற வகை.

இதுல யாரு நல்லவரு, எந்த கட்சி நல்லதுன்னு நான் சொல்ல வரல, ஐயாவும் கட்சி பேச்சுக்கு இடமே குடுக்க மாட்டாரு. அவரு சொல்றது மனு எழுதுறவன் பக்கத்துல இருந்து. ரெண்டு தொகுதி ஜனமும் தேவகோட்டைக்கு வந்துதானே எழுதுது, ரெண்டுக்கும் எழுதியிருக்காரு. ஒரே ஆளு தொடர்ந்து இருக்கற தொகுதிக்கு எழுதும்போது "நாங்கள் தங்களிடம் முன்னர் அளித்த மனுவின் தொடர்ச்சியாக"ன்னு ஆரம்பிச்சு நாலு வரில முடிச்சிருவாராம், அந்த ஆபீஸ்ல பழசு தெரிஞ்ச ஆளு இருக்கும், எந்த ஊர், எந்த வாய்க்கால், போன தடவை எந்த ஆபீசர் என்ன பதில் போட்டாருன்னு எடுத்துருவாங்க. ஆளு மாறிக்கிட்டே இருக்கற தொகுதில அஞ்சு வருஷத்துக்கு ஒருக்கா எல்லாம் முதல்ல இருந்து. பழைய எம்.எல்.ஏ ஆபீஸ்ல இருந்த பேப்பரெல்லாம் அவங்களோடயே போயிரும், புது ஆளுக்கு ஊரே புதுசு, நாமதான் 15 வருஷ கதைய ஒரே பக்கத்துல சொல்லி, பழைய பதில் கடுதாசியெல்லாம் நகல் எடுத்து வச்சு குடுக்கணும். அந்த நகல் யாருகிட்ட இருக்கு? ஊர்த்தலைவர் மாறியிருப்பாரு, மனு குடுத்த பெரியவர் செத்துப் போயிருப்பாரு, அவரு புள்ளைங்க சென்னைலயோ சிங்கப்பூர்லயோ இருக்கும், வீடு பூட்டி கிடக்கும். நம்ம ஊருங்கள்ல பூட்டுன வீடு எவ்வளவுன்னு உங்களுக்கே தெரியும்.

அந்த இடத்துலதான் இந்த கடை வருது. ஐயா டைப் பண்ற ஒவ்வொரு மனுவுக்கும் ஒரு நகல் எடுத்து ஊர் வாரியா கட்டி வச்சிருக்காரு. கார்பன் காப்பி காலத்துல இருந்து. எங்க ஊர் பேர சொன்னதும் ஏணி போட்டு மேல் தட்டுல இருந்து ஒரு கட்டு எடுத்தாரு, அதுல இதே வரத்துக்காலுக்கு எங்க ஊர் பெரியவங்க 1990கள்ல குடுத்த மனு நகல் இருந்துச்சு, கார்பன் மை மங்கிப்போய். அதுல வாய்க்கால் எத்தன அடி அகலம்னு அளந்து எழுதியிருந்தாங்க, எந்த ஆலமரத்துல இருந்து எந்த கல்லு வரைக்கும்னு. இன்னிக்கு எங்க ஊர்ல அது யாருக்கும் தெரியாது. எனக்கு அத கையில வாங்குனப்ப என்ன சொல்றதுன்னே தெரியல. அதுல கையெழுத்து போட்டவங்கள்ல எங்க தாத்தாவும் ஒருத்தர். அந்த பழைய மனுவையும் இணைப்பா வச்சு, "இக்கோரிக்கை சுமார் 30 ஆண்டுகளாக நிலுவையில் உள்ளது"ன்னு ஐயா ஒரு வரி போட்டாரு பாருங்க, மனுவோட கனமே மாறிப்போச்சு.

ராமசாமி மாதிரி அத்தன தடவை ஜெயிச்சவரு மந்திரியாகாதவருங்கறதும் யோசிக்க வேண்டிய விஷயம். அவரு இருந்த காலம் பூரா காங்கிரஸோ தமாகாவோ இங்க ஆட்சில இல்ல, 2006-ல திமுகவுக்கு 96 சீட்டுதான், 34 சீட்டு வச்சிருந்த காங்கிரஸ் ஆதரவுலதான் ஆட்சியே நடந்துச்சு, அப்பக்கூட மந்திரிசபைல இடம் கிடையாது. அப்ப அத்தன வருஷமும் அந்த மாதிரி ஒரு உறுப்பினர் கையில இருக்கறது கேள்வியும் லெட்டரும் தொகுதி நிதியும்தான். ஐயா இத சொல்லித்தான் எனக்கு ஒரு பாடம் எடுத்தாரு: துறை கையில இல்லாத எம்.எல்.ஏவுக்கு குடுக்கற மனு சட்டசபைல அப்படியே படிக்கற மாதிரி இருக்கணும், "அரசு முன்வருமா, ஆவன செய்வீர்களா"ன்னு ஒரே வரி கேள்வியா கீழ போட்டு குடுத்துரணும், அவரு பிஏ அத அப்படியே எடுத்து கேள்வி நோட்டீஸா குடுக்கலாம். எங்க மனுவுலயும் கடைசி வரி அப்படித்தான் இருந்துச்சு. கூட்டத்தொடர் நடக்கும்போது எம்.எல்.ஏ ஊர்ல இருக்க மாட்டாரு, சென்னை ஓமந்தூரார் எஸ்டேட் எம்.எல்.ஏ விடுதிக்கு தபால்ல ஒன்னு, தொகுதி ஆபீஸ்ல ஒன்னுன்னு ரெண்டா அனுப்ப சொன்னாரு.

இன்னொன்னு, எனக்கு சுத்தமா தெரியாதது. சட்டசபைக்கு மனுக்கள் குழுன்னே ஒன்னு இருக்கு, மாவட்டம் மாவட்டமா வரும், வர்றதுக்கு முன்னாடி கலெக்டர் ஆபீஸ் செய்திக்குறிப்பு பேப்பர்ல வரும், நாமதான் கண்டுக்கறது இல்ல. அதுக்கு மனு 5 பிரதி குடுக்கணும், தலைவர், மனுக்கள் குழு, தமிழ்நாடு சட்டமன்றப் பேரவை, சென்னை 9-ன்னு போடணும். ரொம்ப வருஷமா தீராத பொதுப் பிரச்சனையா இருக்கணும், ஒரு மனுல ஒரு பிரச்சனைதான், ஒரு துறைதான். சொந்த குறை, பட்டா, முதியோர் பென்ஷன், வேலை வேணும், கோர்ட்ல கேஸ் இருக்கறது, இதெல்லாம் எடுக்க மாட்டாங்க. எங்க வரத்துக்கால் இதுக்கு கச்சிதமா பொருந்துது, அதனால ரோட்டுக்கு அடில குழாய் பாலம் கேட்டு அதுக்கும் ஒரு செட் ரெடி பண்ணி வச்சுட்டோம்.

குறைன்னு சொல்லணும்னா, ரொம்ப லேட் ஆகும். திங்கக்கிழமை காலைல சிவகங்கை கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்துக்கு போறவங்க விடியக்காலமே வந்து நிப்பாங்க, அன்னிக்கு போனீங்கன்னா உக்கார கூட இடம் இருக்காது. ஜெராக்ஸ் மெஷின் பழசு, போட்டோ நகல் கருப்பா விழுது, போட்டோ மட்டும் வேற கடைல எடுத்துக்கறது நல்லது. ஐயா கொஞ்சம் கோவக்காரரு, பேப்பர் இல்லாம வெறுங்கையோட போனா "போயி அ-பதிவேடு எடுத்துட்டு வாங்க"ன்னு திருப்பி அனுப்பிருவாரு, வயசானவங்களுக்கு அது சிரமம், ஈ-சேவைல எடுத்து குடுக்கற வசதி கடையிலயே வச்சா நல்லா இருக்கும்னு பேத்திகிட்ட சொல்லியிருக்கேன். மொட்டைக் கடுதாசி, பக்கத்து வீட்டுக்காரன் மேல பொய் புகார், இதெல்லாம் எவ்வளவு காசு குடுத்தாலும் எழுத மாட்டாங்க, அது குறை கிடையாது.

எனக்கு இருக்கற பெரிய கவலை அந்த மேல் தட்டுல இருக்கற கட்டுங்கதான். கரையான் வருது, ஓட்டு வீடு, மழைக்கு ஒழுகுது. இத்தன ஊர் தண்ணி, ரோடு, பள்ளிக்கூட வரலாறு அங்க கிடக்கு. வசதி இருக்கற ஊர்க்காரங்க, வெளிநாட்டுல இருக்கறவங்க யாராவது உங்க ஊர் கட்ட மட்டுமாவது ஸ்கேன் பண்ணி வாங்கி வச்சுக்கங்க, ஐயா மறுக்க மாட்டாரு, கேட்டு பாத்துட்டேன், அந்தந்த ஊர்க்காரங்களுக்கு மட்டும் தருவேன்னு சொன்னாரு. பேத்தியும் செல்போன்ல போட்டோ எடுத்து ஏத்த ஆரம்பிச்சிருக்கு, ஆனா டைப்பிங் வேலைக்கு நடுவுல ஒரு ஆளால முடியாது.

மனு என்னாச்சுன்னு கேப்பீங்க. ஒன்றியத்துல இருந்து சர்வேயர் வந்து பழைய மனுவுல இருந்த அளவ வச்சே அளந்து கல்லு நட்டாச்சு, ரோட்டுக்கு கிழக்க முள்ளு வெட்டி தூர் எடுத்து வரத்துக்கால் தெரியுது. பாலம் மட்டும் பாக்கி, நெடுஞ்சாலைத்துறைல மதிப்பீடு போட்டு அனுப்பிட்டதா பதில் வந்திருக்கு. அந்த பதில் கடுதாசிய நகல் எடுத்து எங்க ஊர் கட்டுல சேக்க சொல்லி கடைல குடுத்தாச்சு.

என் மார்க் 5க்கு 4.5. ஜிபே இருக்கு. மத்தியானம் 1:30-ல இருந்து 3 வரைக்கும் கடை சாத்தியிருக்கும், ஞாயிறு லீவு. போறவங்க சர்வே நம்பர், அ-பதிவேடு, புலப்பட நகல், பழைய மனு எது இருந்தாலும் அது, நாலு போட்டோ, ஊர்ல கையெழுத்து போட போறவங்க பேர் லிஸ்ட், இவ்வளவும் எடுத்துட்டு செவ்வாய் இல்லன்னா வியாழக்கிழமை காலைல 10 மணி வாக்குல போங்க, அப்பதான் ஐயா நிதானமா உக்காந்து எழுதுவாரு.